எலன் ஜான்சன் சர்லீஃப்: உலகம் கொண்டாடியவரை ஊர் ஏன் திட்டுகிறது?

கேள்வி இதுதான்: ஆப்பிரிக்காவில் தேர்தலில் வென்று அதிபரான முதல் பெண், நோபல் பரிசு வாங்கியவர், போரில் நொறுங்கிய லைபீரியாவைத் தூக்கி நிறுத்தியவர் என்றெல்லாம் எலன் ஜான்சன் சர்லீஃபைப் பற்றிப் படிக்கிறோம். லைபீரியர்கள் எழுதுவதைப் படித்தாலோ பாதிப் பேர் அவரைத் திட்டுகிறார்கள். பதவியிலிருந்து இறங்கும் மாதத்தில் சொந்தக் கட்சியே அவரை நீக்கியது. இதில் எதை நம்புவது?

இரண்டையும் நம்பலாம். எலன் அடிப்படையில் ஒரு நிதித்துறை அதிகாரி. கடன்காரர்கள், வங்கிகள், வாஷிங்டன், ஐ.நா. என்று வெளி ஆட்களோடு உட்கார்ந்து பேசிக் காரியம் முடிப்பதில் அவருக்கு நிகராக அந்த வட்டாரத்தில் யாரும் இல்லை. ஊருக்குள் கட்சி நடத்துவது, பகையாளிகளைச் சமாளிப்பது, சொந்தக்காரர்களைத் தள்ளி வைப்பது, இதெல்லாம் அவருக்குக் கைவரவில்லை. இதுதான் என் கருத்து. ஏன் அப்படிச் சொல்கிறேன் என்பதற்கு அவர் வந்த வழியைப் பார்க்க வேண்டும்.

லைபீரியாவின் அரசியலைப் புரிந்துகொள்ள ஒரு விஷயம் தெரிந்தால் போதும். 1822 முதல் அமெரிக்காவிலிருந்து கப்பலேறி வந்து குடியேறிய கறுப்பின மக்களின் வாரிசுகள் அமெரிக்க-லைபீரியர்கள். நாட்டு மக்களில் இருபதில் ஒரு பங்குகூட இல்லாத இந்தக் கூட்டம் 1847-ல் நாட்டைச் சுதந்திரக் குடியரசாக அறிவித்தது. அப்புறம் நூறு வருடத்துக்கும் மேல் ட்ரூ விக் கட்சி என்ற ஒரே கட்சியின் பெயரில் ஆண்டது. உள்நாட்டுப் பழங்குடி மக்களுக்குக் கூலி வேலைதான் மிச்சம். அவர்களில் கொஞ்சம் பேர் மேலே வந்த வழி ஒன்று உண்டு. பிள்ளையைத் தலைநகர் மன்ரோவியாவில் ஏதாவது ஒரு அமெரிக்க-லைபீரியக் குடும்பத்தில் விட்டுவிடுவார்கள். பிள்ளை அங்கே வீட்டு வேலை செய்துகொண்டே படிக்கும், அவர்கள் பெயரையும் நடையுடையையும் எடுத்துக்கொள்ளும்.

எலனின் அப்பாவும் அம்மாவும் அப்படி வளர்ந்தவர்கள். அப்பா கோலா இனத் தலைவர் ஒருவரின் மகன். வழக்கறிஞராகி, நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் பழங்குடி லைபீரியர் ஆனார். அம்மா சினோ பகுதியைச் சேர்ந்த க்ரூ இனப் பெண்ணுக்கும் ஒரு ஜெர்மன் வியாபாரிக்கும் பிறந்தவர். முதல் உலகப் போரில் லைபீரியா ஜெர்மனியை எதிர்த்து நின்றபோது அந்த வியாபாரி நாட்டைவிட்டுப் போய்விட்டார். 1938 அக்டோபர் 29-ல் பிறந்த எலனின் உடம்பில் அமெரிக்க-லைபீரிய ரத்தம் ஒரு சொட்டு கிடையாது. ஆனால் வெளுத்த நிறம், படிப்பு, பேச்சு எல்லாம் சேர்ந்து அவரை அந்தக் கூட்டத்து ஆளாகவே காட்டின. இந்தச் சந்தேகம் கடைசி வரைக்கும் அவரை விடவில்லை.

அப்பா பக்கவாதத்தில் விழுந்ததும் குடும்பத்தின் செல்வாக்கு சரிந்தது. பள்ளி முடித்த கையோடு பதினேழு வயதில் கல்யாணம், அடுத்தடுத்து நான்கு பையன்கள். 1960-களின் தொடக்கத்தில் கணவர் மேற்படிப்புக்காக அமெரிக்காவின் விஸ்கான்சினுக்குப் போனபோது, பிள்ளைகளைப் பாட்டிகளிடம் விட்டுவிட்டு எலனும் போனார். மேடிசன் நகரில் ஒரு வணிகக் கல்லூரியில் கணக்கியல் படித்தார். செலவுக்கு ஒரு மருந்துக்கடையின் சிற்றுண்டிப் பகுதியில் பரிமாறும் வேலை. கணவர் கைநீட்டுகிறவர், அந்த மணவாழ்க்கை விவாகரத்தில் முடிந்தது. ஊருக்குத் திரும்பிய எலனைக் கணக்கியல் படிப்பு நிதித்துறைக்குள் கொண்டுபோய் விட்டது.

அங்கேயிருந்துதான் அவருடைய விசித்திரமான பழக்கம் ஆரம்பிக்கிறது: அரசாங்கத்துக்குள் உட்கார்ந்துகொண்டே அரசாங்கத்தை மேடையில் விமர்சிப்பது. ஹார்வர்டில் 1971-ல் பொது நிர்வாகத்தில் முதுகலை முடித்து வந்து துணை அமைச்சர் பதவியில் இருந்தபோது, தான் படித்த பள்ளியின் பட்டமளிப்பு விழாவிலேயே அரசைத் தாக்கிப் பேசினார். வேலைக்கு ஆபத்து என்று தெரிந்ததும் 1973-ல் உலக வங்கிக்குப் போய்விட்டார். பிறகு திரும்பி வந்தார். அவர் வாழ்க்கை முழுக்க இப்படித்தான்: பேசுவார், பகை வரும், வாஷிங்டனில் ஒரு நாற்காலி தயாராக இருக்கும், சூழ்நிலை மாறியதும் மறுபடியும் மன்ரோவியா. அந்த நாற்காலி இல்லாத லைபீரியர்கள் இதை எப்படிப் பார்த்திருப்பார்கள் என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

1979 ஏப்ரலில் அரிசிக் கலவரம். லைபீரியர்களுக்கு அரிசிச் சோறு இறங்கவில்லை என்றால் அன்றைக்குச் சாப்பிட்டதாகவே கணக்கில்லை. இந்த விஷயத்தில் அவர்கள் நம் ஆட்கள். நூறு பவுண்டு மூட்டை 22 டாலருக்கு விற்றுக்கொண்டிருந்தது. உள்ளூர் விவசாயத்தை ஊக்குவிக்க அதை 26 டாலர் ஆக்கலாம் என்று வேளாண் அமைச்சர் ஃப்ளாரன்ஸ் செனோவெத் யோசனை சொன்னார். அதிபர் வில்லியம் டோல்பர்ட்டின் குடும்பத்துக்கே அரிசியில் லாபம் என்று ஊர் பேசியது. ஏப்ரல் 14 அன்று மன்ரோவியா தெருவில் இறங்கியது, போலீஸ் சுட்டது, நாற்பது பேருக்கு மேல் செத்தார்கள். அதற்குச் சில மாதம் கழித்து, 1979 ஆகஸ்டில், எலன் நிதி அமைச்சர் ஆனார். (செனோவெத்தை மறந்துவிடாதீர்கள். முப்பது வருடம் கழித்து எலனின் அமைச்சரவையில் அதே வேளாண் துறைக்கு அவரே திரும்பி வந்தார்.)

நிதி அமைச்சர் நாற்காலியில் எட்டு மாதம்கூட முடியவில்லை. 1980 ஏப்ரல் 12 அதிகாலை, சாமுவேல் டோ என்ற ராணுவ சார்ஜென்ட்டும் அவர் ஆட்களும் அதிபர் மாளிகைக்குள் புகுந்து டோல்பர்ட்டைக் கொன்றார்கள். பத்து நாள் கழித்து மன்ரோவியா கடற்கரையில் கம்பங்கள் நட்டு, பதின்மூன்று உயர் அதிகாரிகளைக் கட்டி வைத்து, பத்திரிகைக்காரர்கள் முன்னாலேயே சுட்டார்கள். சுடப்பட்டவர்களில் ஒருவர் எலனுக்கு முன்பு நிதி அமைச்சராக இருந்தவர். உயிர் தப்பிய அமைச்சர்கள் நான்கே பேர். எலன் அவர்களில் ஒருவர். பழைய ஆட்சியை அவர் வெளிப்படையாகத் திட்டியிருந்தது உதவியது. நாட்டின் கணக்கு வழக்கு எங்கே இருக்கிறது என்று சொல்ல டோவுக்கு ஆள் தேவைப்பட்டதும் உதவியது. அரசு வளர்ச்சி வங்கியின் தலைவராக டோ அவரை நியமித்தார். எலன் சில மாதம் பொறுத்துப் பார்த்தார், டோவையும் பகிரங்கமாக விமர்சித்தார், வாஷிங்டனுக்குக் கிளம்பினார். அங்கேயிருந்து 1981-ல் நைரோபியில் சிட்டிபாங்க் அதிகாரி.

1985-ல் டோ தேர்தல் அறிவித்தார். எலன் லைபீரியா செயல் கட்சிக்காக வேலை செய்ய வந்தார். அமெரிக்காவில் ஃபிலடெல்ஃபியாவில் பேசிய கூட்டத்தில், நாட்டின் தலைவிதி முட்டாள்கள் கையில் சிக்கிக் கிடக்கிறது என்ற அர்த்தத்தில் ஒரு போடு போட்டார். ஊர் திரும்பியதும் கைது. ராணுவ நீதிமன்றம் ராஜத் துரோகம் என்று பத்து வருடக் கடுங்காவல் விதித்தது. அமெரிக்கா நெருக்கியதும் விட்டுவிட்டார்கள். அக்டோபர் தேர்தலில் செனட்டராக ஜெயித்தார். ஆனால் அதிபர் தேர்தலில் ஓட்டெண்ணிக்கையை டோ தன் ஆட்களிடம் கொடுத்து, தனக்கு 50.9 சதவீதம் என்று அறிவித்துக்கொண்டார். இந்த மோசடி நாடாளுமன்றத்தில் கால் வைக்க மாட்டேன் என்று எலன் தன் இடத்தை ஏற்க மறுத்தார்.

அடுத்த மாதம் தளபதி தாமஸ் குவிவோங்க்பாவின் கவிழ்ப்பு முயற்சி தோற்றதும் எலனை மறுபடியும் பிடித்தார்கள். அந்த இரவைப் பற்றி அவரே பின்னாளில் விவரித்திருக்கிறார். ராணுவ முகாமில் ஓர் அறை. அதில் இருந்த ஆண்களைச் சிப்பாய்கள் வெளியே இழுத்துப் போனார்கள். வெளியே துப்பாக்கிச் சத்தம். பிறகு ஒரு சிப்பாய் எலனைப் பலாத்காரம் செய்வதாக மிரட்டினான். இன்னொருவன் வந்து, நீ கோலாவா என்று கேட்டான். அப்பா வழியில் கோலா என்றார். அந்த மொழியில் பேசிக் காட்டு என்றான், தெரிந்ததைப் பேசினார். அவன் அவருக்குக் காவலாக அங்கேயே நின்றான். வாழ்நாள் முழுவதும் மேட்டுக்குடி என்று பேர் வாங்கியவரை அன்றைக்குக் காப்பாற்றியது அப்பா வழி வந்த கோலாதான். 1986-ல் விடுதலை, அப்புறம் அமெரிக்காவுக்குத் தப்பி ஓட்டம்.

இனி வருவதுதான் அவர் வாழ்க்கையின் பெரிய கறை. 1989 டிசம்பர் 24 அன்று கிளர்ச்சிப் படைத் தலைவர் சார்லஸ் டெய்லர் ஐவரி கோஸ்ட் எல்லையிலிருந்து நிம்பா மாவட்டத்துக்குள் ஆயுதத்தோடு நுழைந்தார். டோவை யார் இறக்கினாலும் சரி என்று இருந்த வெளிநாட்டு லைபீரியர்களில் எலன் முன்னணியில் நின்றார். அவர் இருந்த அமைப்பு டெய்லருக்கு 10,000 டாலர் திரட்டிக் கொடுத்தது. டெய்லரின் படை சிறுவர்களுக்குத் துப்பாக்கி கொடுத்தது, இனம் பார்த்துக் கொன்றது. 2003 வரை நீண்ட இரண்டு போர்களில் இரண்டரை லட்சம் பேர் செத்ததாகப் பொதுவாகச் சொல்லப்படுகிறது. மொத்த மக்கள்தொகையே முப்பது லட்சம்தான். பத்தாயிரம் டாலர் ஒரு போரை நடத்தாது என்பது சரி. ஆனால் மகனைப் பறிகொடுத்த தாயிடம் அந்த வாதத்தைச் சொல்ல முடியாது.

டெய்லரின் நிஜ முகம் தெரிந்ததும் எலன் விலகினார். 1992-லிருந்து ஐ.நா. வளர்ச்சித் திட்டத்தின் ஆப்பிரிக்கப் பிரிவுக்குத் தலைவராக இருந்தார். 1997-ல் அந்த வேலையை விட்டுவிட்டு டெய்லரை எதிர்த்தே தேர்தலில் நின்றார். டெய்லருக்கு 75 சதவீதம். எலனுக்குப் பத்துக்குக் கொஞ்சம் குறைவு. "என் அம்மாவைக் கொன்றான், அப்பாவைக் கொன்றான், ஆனாலும் அவனுக்கே என் ஓட்டு" என்று இளைஞர்கள் பாடிக்கொண்டு போன தேர்தல் அது. கேட்கப் பைத்தியக்காரத்தனமாக இருக்கும். தோற்றால் அவன் மறுபடியும் காட்டுக்குப் போய்த் துப்பாக்கி எடுப்பான், ஜெயித்தால் சும்மா இருப்பான் என்ற கணக்கு அதற்குள் இருந்தது. டெய்லர் ஜெயித்தும் சும்மா இருக்கவில்லை.

இரண்டாம் போரை முடித்ததில் எலனுக்குப் பெரிய பங்கில்லை. அந்தப் பெருமை அமைதிக்காகப் பெண்களைத் திரட்டிய லேமா போவீ போன்றவர்களுக்கு. 2003-ல் மன்ரோவியாவின் மீன் சந்தைப் பக்கத்துத் திடலில் கிறிஸ்தவப் பெண்களும் முஸ்லிம் பெண்களும் வெள்ளைச் சட்டையோடு வெயிலிலும் மழையிலும் தினமும் உட்கார்ந்தார்கள். கானா தலைநகர் அக்ராவில் பேச்சுவார்த்தை இழுத்தபோது, மண்டபத்து வாசலை மறித்து உட்கார்ந்து ஆண்களை வெளியே விடவில்லை. ஆகஸ்ட் 11-ல் டெய்லர் பதவி விலகி நைஜீரியாவுக்குப் போனார். ஒரு வாரத்தில் ஒப்பந்தம் கையெழுத்தானது. ஐ.நா. 15,000 வீரர்களை அனுப்பியது. அந்தப் பெண்கள் கட்டியெழுப்பிய அலைதான் இரண்டு வருடம் கழித்து எலனைத் தூக்கிக்கொண்டு போனது.

2005 தேர்தலில் அதிபர் பதவிக்கு 22 பேர். முன்னணியில் ஜார்ஜ் வியா: 1995-ல் உலகின் சிறந்த கால்பந்து வீரர், மன்ரோவியா சேரியில் பிறந்து மிலன் வரை போனவர். பள்ளிப் படிப்பையே முடிக்காதவர் என்று எதிர் அணி கேலி செய்ய, படித்தாலும் படிக்காவிட்டாலும் உனக்குத்தான் ஓட்டு என்று பையன்கள் பதில் கோஷம் போட்டார்கள். படித்தவர்கள்தானே நாட்டை இந்தக் கதிக்குக் கொண்டுவந்தார்கள்? முதல் சுற்றில் வியாவுக்கு 28 சதவீதம், எலனுக்கு 20. இரண்டாம் சுற்றுக்கு நான்கு வாரம் இடைவெளி. அந்த நான்கு வாரத்தில் சந்தைப் பெண்கள் இறங்கினார்கள். கிராமம் கிராமமாகப் போனார்கள். வாக்குச்சாவடிக்குப் போகிற பெண்ணின் குழந்தையைப் பார்த்துக்கொள்ளவும், கடையைப் பார்த்துக்கொள்ளவும் ஆள் வைத்தார்கள். மகன்களின் வாக்காளர் அட்டைகளை அம்மாக்களே ஒளித்து வைத்த கதைகளும் உண்டு. "எலன்தான் எங்க ஆம்பளை" என்று பதாகை. நவம்பர் 8-ல் எலனுக்கு 59.4 சதவீதம். அப்போது அவருக்கு வயது 67.

2006 ஜனவரி 16-ல் பதவி ஏற்றபோது அவர் கையில் கிடைத்த அரசாங்கத்தின் ஆண்டு வரவு செலவு சுமார் 8 கோடி டாலர். தலைநகரில் குழாய்த் தண்ணீர் இல்லை, மின்சாரம் இல்லை. மவுண்ட் காபி நீர்மின் நிலையம் 1990-லேயே போரில் போய்விட்டது. பதவிக்கு வந்த சில வாரங்களில் நிதி அமைச்சகத்துக்கு நேரில் போய், முந்தைய இடைக்கால ஆட்சி நியமித்த அதிகாரிகளை மொத்தமாக வீட்டுக்கு அனுப்பினார். உலக வங்கியில் இருந்த அந்துவானெத் சாயேவை வரவழைத்து நிதி அமைச்சர் ஆக்கினார். போலீஸுக்கும் ஒரு பெண்ணே தலைமை. 2007-ல் இந்தியாவிலிருந்து நூற்றுக்கும் மேற்பட்ட மத்திய ரிசர்வ் போலீஸ் பெண்கள் ஐ.நா. படையாக மன்ரோவியாவுக்கு வந்து இறங்கினார்கள். முழுக்கப் பெண்களே கொண்ட ஐ.நா. போலீஸ் படை உலகத்திலேயே அதுதான் முதல்.

சுதந்திர தினமான ஜூலை 26-க்குள் தெருவிளக்கு எரியும் என்று வாக்குக் கொடுத்திருந்தார். ஜெனரேட்டர் வைத்து நகரின் சில பகுதிகளில் எரியவும் வைத்தார். அண்டை நாட்டு அதிபர்கள் மூன்று பேர் விருந்தாளிகள். அன்றைக்கே அதிபர் மாளிகை தீப்பிடித்து எரிந்தது! அப்புறம் ஆட்சிக்காலம் முழுக்க எலன் வெளியுறவு அமைச்சகக் கட்டிடத்தில் உட்கார்ந்துதான் நாட்டை ஆண்டார்.

சரி, அவருடைய நிஜமான சாதனைக்கு வருகிறேன். இது விளக்கைப் போலக் கண்ணுக்குத் தெரியாதது: கடன். லைபீரியாவின் வெளிக்கடன் 490 கோடி டாலர் அளவில் நின்றது. ஆண்டுக்கு 8 கோடி வரவு உள்ள அரசு, ஒரு பைசா செலவழிக்காமல் அப்படியே கட்டினாலும் அறுபது வருடம் ஆகும். பெரும்பகுதி டோல்பர்ட், டோ காலத்தில் வாங்கி, போர்க்காலத்தில் கட்டாமல் விட்டு, வட்டி குட்டி போட்டது. பழைய பாக்கி தீராமல் உலக வங்கியும் பன்னாட்டு நிதியமும் புதுப் பணம் தராது; பாக்கி தீர்க்க இவர்களிடம் பணம் கிடையாது. இந்த முடிச்சை எப்படி அவிழ்ப்பது என்று எலனுக்குத் தெரியும். மேசையின் அந்தப் பக்கத்திலும் உட்கார்ந்தவர் அல்லவா?

முதலில், அரசு கஜானாவில் செலவுக்கு வெளிநாட்டு நிபுணர் ஒருவரும் சேர்ந்து கையெழுத்துப் போட வேண்டும் என்று இடைக்கால ஆட்சியின் காலத்தில் கடன் கொடுத்தவர்கள் போட்ட நிபந்தனையை அவர் எதிர்க்காமல் ஏற்றார். நாட்டுக்கு அவமானம் என்று எதிர்ப்பு கிளம்பியது. அவருக்கு அது கவலையில்லை. கணக்கு சுத்தமாக இருக்கிறது என்று காட்டினால்தான் கடன் தள்ளுபடி. 2007-ல் அமெரிக்கா 39 கோடி டாலரைத் தள்ளுவதாக அறிவித்தது. தனியார் வங்கிகளுக்கும் நிதி நிறுவனங்களுக்கும் தர வேண்டிய 120 கோடியை 2009-ல் டாலருக்கு மூன்று சென்ட் வீதம் கொடுத்துத் திரும்ப வாங்கினார்கள். அதாவது நூறு ரூபாய்க் கடனுக்கு மூன்று ரூபாய், பத்திரம் கிழிக்கப்பட்டது. அந்த மூன்று சென்ட்டும் நன்கொடையாக வந்த பணம்.

இரண்டு நிதி நிறுவனங்கள் மட்டும் இதற்கு ஒத்துக்கொள்ளவில்லை. 1978-ல் ஒரு அமெரிக்க வங்கி கொடுத்த அறுபது லட்சத்துச் சொச்சம் டாலர் கடன், கைமாறிக் கைமாறி இவர்களிடம் வந்திருந்தது. லண்டன் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு வட்டியோடு 2 கோடி டாலருக்குத் தீர்ப்பு வாங்கினார்கள். செத்த மாட்டைச் சுற்றும் கழுகுகள் என்று இத்தகைய நிறுவனங்களுக்குப் பெயர். பிரிட்டனில் இதற்கு எதிராகக் கோபம் கிளம்பி, ஏழை நாடுகளிடம் இப்படி வசூலிப்பதைத் தடுக்க 2010-ல் நாடாளுமன்றம் தனிச் சட்டமே போட்டது. அப்புறம் அவர்களும் மூன்று சதவீதத்துக்கு இறங்கி வந்தார்கள். 2010 ஜூனில் மொத்தமாக 460 கோடி டாலர் கடன் தள்ளுபடி ஆனது. வேறு யார் அதிபராக இருந்திருந்தாலும் நான்கரை வருடத்தில் இதை முடித்திருப்பார்களா என்பது எனக்குச் சந்தேகம்தான்.

டெய்லர் விஷயத்திலும் அதே மாதிரி வெளி நெருக்கடியைக் கணக்குப் போட்டு நகர்ந்தார். பதவி ஏற்றபோது டெய்லரை விசாரணைக்குக் கொண்டுவருவது தன் முதல் வேலை இல்லை என்றவர், 2006 மார்ச்சில் அமெரிக்கக் காங்கிரஸில் பேசப் போகும் சமயத்தில் நைஜீரியாவிடம் அவரை ஒப்படைக்கச் சொல்லி முறைப்படி கேட்டார். டெய்லர் தப்பி ஓடும்போது கேமரூன் எல்லையில் பிடிபட்டார். 2012-ல் அண்டை நாடான சியரா லியோனின் போர்க்குற்றங்களுக்காக 50 வருடச் சிறை. கவனியுங்கள்: சியரா லியோனில் செய்ததற்கு. லைபீரியாவில் செய்ததற்கு எந்த நீதிமன்றமும் அவரை விசாரிக்கவில்லை.

லைபீரியர்களின் கோபம் இங்கேதான் ஆரம்பிக்கிறது. போர்க்கால அட்டூழியங்களை விசாரித்த உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையம் 2009-ல் அறிக்கை கொடுத்தது. போரில் ஈடுபட்டவர்களுக்கு உதவியதற்காக 49 பேர் 30 வருடம் பொதுப் பதவி வகிக்கக் கூடாது என்ற பட்டியலில் எலனின் பெயரும் இருந்தது. அந்த ஆண்டு பிப்ரவரியில் ஆணையத்தின் முன் வந்து, டெய்லர் தன்னை ஏமாற்றிவிட்டார் என்று மன்னிப்புக் கேட்டிருந்தார். ஆனால் பரிந்துரைகளை நடைமுறைப்படுத்த அவர் விரலைக்கூட அசைக்கவில்லை. 2011-ல் உச்ச நீதிமன்றம் அந்தத் தடை அரசியல் சாசனத்துக்கு விரோதம் என்று சொல்லிவிட்டது. தனக்கு எதிரான பகுதி போகட்டும். போர்க்குற்ற நீதிமன்றம் வேண்டும் என்ற பகுதியையும் சேர்த்துக் கிடப்பில் போட்டதுதான் என் பார்வையில் பெரிய தவறு. போரில் டோவைப் பிடித்து, அவர் காதை அறுக்கச் சொல்லி வீடியோ எடுத்த கிளர்ச்சிப் படைத் தலைவர் பிரின்ஸ் ஜான்சன் செனட்டராக உலா வந்தார். 2011 தேர்தலின் முதல் சுற்றில் மூன்றாவதாக வந்த அவர், இரண்டாம் சுற்றுக்கு எலனை ஆதரித்தார். எலனும் அந்த ஆதரவை வேண்டாம் என்று சொல்லவில்லை.

ஒரே தவணைதான் என்று 2005-ல் சொன்னவர் 2011-ல் மறுபடியும் நின்றார். ஓட்டுப்பதிவுக்கு நான்கு நாள் முன்பு, அக்டோபர் 7-ல், லேமா போவீ, ஏமனின் தவக்குல் கர்மான் ஆகியோருடன் சேர்த்து நோபல் அமைதிப் பரிசு அறிவிக்கப்பட்டது. எதிர்க்கட்சி கொதித்ததில் நியாயம் இருந்தது. முதல் சுற்றில் 44 சதவீதம். இரண்டாம் சுற்றை எதிர்க்கட்சி புறக்கணிக்க, 39 சதவீதம் பேர்கூட வராத தேர்தலில் 90 சதவீத வெற்றி. முதல் தடவை கிடைத்த வெற்றியோடு இதை ஒப்பிடவே முடியாது.

அப்புறம் மகன்கள். ராபர்ட், அரசு எண்ணெய் நிறுவனத்தின் தலைவர். சார்லஸ், மத்திய வங்கித் துணை ஆளுநர். வளர்ப்பு மகன் ஃபும்பா, தேசியப் பாதுகாப்பு அமைப்பின் தலைவர். கேட்டால், நம்பிக்கையான ஆள் கிடைப்பது கஷ்டம், தகுதி இருக்கிறது என்று பதில் வரும். 2012-ல் சொத்துக் கணக்குக் காட்டாத அதிகாரிகளைத் தற்காலிகமாக நீக்கியபோது சார்லஸையும் சேர்த்தே நீக்கினார். ஆனால் யாரும் அதில் சமாதானம் ஆகவில்லை. அதே ஆண்டு அக்டோபரில் லேமா போவீ, எலன் கொடுத்திருந்த நல்லிணக்கப் பொறுப்பை உதறிவிட்டு, ஊழலையும் குடும்ப ஆட்சியையும் வெளிப்படையாகச் சாடினார். நோபலைப் பகிர்ந்தவரே சொன்னபின் எதிரிகள் சொல்ல என்ன மிச்சம்? எண்ணெய் நிறுவனம் 2015-ல் காசில்லாமல் படுத்தது. சுரங்கம், காடு, பனை எண்ணெய்த் தோட்டம் என்று கொடுத்த 68 உடன்பாடுகளைத் தணிக்கை செய்தபோது, சட்டப்படி முழுதாக நடந்தவை இரண்டே இரண்டு. மலேசியாவின் சைம் டார்பிக்கு மட்டும் இரண்டு லட்சம் ஹெக்டேருக்கு மேல் 63 வருடக் குத்தகை. அந்த நிலத்தில் மரவள்ளி போட்டுக்கொண்டிருந்தவர்களிடம் யாரும் கேட்கவில்லை என்று கேப் மவுண்ட் பகுதி கிராமங்கள் புகார் கொடுத்தன. வெளி முதலீட்டாளரோடு பேசும் கலை, அவர் கைக்கு அடங்கியிருந்த அதே கலை, இங்கே ஊராரைப் பார்க்கவிடாமல் செய்தது.

2014-ல் எபோலா. லைபீரியாவில் மட்டும் 4,800 பேருக்கு மேல் செத்தார்கள். ஆகஸ்ட் 20-ல் வெஸ்ட் பாயின்ட் என்ற சேரியை ராணுவத்தை விட்டு முள்கம்பி போட்டு அடைத்தார். பல்லாயிரம் பேர் நெருக்கியடித்து வாழும் மணல் திட்டு அது. ஜனங்கள் தடுப்பை உடைக்க வந்தபோது சிப்பாய்கள் சுட்டார்கள். பதினைந்து வயதுப் பையன் ஒருவன் செத்தான். பத்து நாளில் தடையை நீக்கினார்கள். இன்னொரு உத்தரவு, தலைநகரில் எபோலா பிணங்களை எரிக்க வேண்டும் என்பது. வருடா வருடம் கல்லறையைச் சுத்தம் செய்து பூ வைக்கும் வழக்கமுள்ள மக்களுக்கு அது பெரிய இடி. எரிப்பதற்கு அந்த நாட்டில் இடமே இல்லை. மன்ரோவியாவுக்கு வெளியே அங்கே வாழும் இந்துக்கள் தங்களுக்காக வைத்திருந்த ஒரு மயானம் மட்டும்தான் இருந்தது. ஏறக்குறைய 2,000 பேர் அங்கே எரிக்கப்பட்டார்கள். சாம்பல் பீப்பாய்களில் சேர்த்து வைக்கப்பட்டது. எலன் ஒபாமாவுக்குக் கடிதம் எழுத, அமெரிக்கப் படை வந்து சிகிச்சை மையங்கள் கட்டியது. அதற்குள் ஊர்க் கமிட்டிகளே ஆளாளுக்கு வாளியும் குளோரினும் வைத்துப் பரவலைக் குறைத்திருந்தன. 2015 மே 9-ல் நாடு எபோலாவிலிருந்து மீண்டதாக உலக சுகாதார அமைப்பு அறிவித்தது. இடையில், 2014 டிசம்பரில், செனட் தேர்தல். தலைநகர் இருக்கும் மான்செராடோ மாவட்டத்தில் ஜார்ஜ் வியாவை எதிர்த்து நின்றவர் ராபர்ட் சர்லீஃப். வியாவுக்கு 78 சதவீதம், அதிபர் மகனுக்கு 11. அம்மாவின் ஆட்சி பற்றி மன்ரோவியா சொன்ன தீர்ப்பு அதுதான்.

கட்சி நீக்கிய கதை இதற்குப் பின் சுலபமாகப் புரியும். 2017 தேர்தலில் எலனின் யூனிட்டி கட்சி வேட்பாளர், பன்னிரண்டு வருடம் எலனின் துணை அதிபராக இருந்த ஜோசப் போகாய். எலன் அவருக்காக ஆர்வமாகப் பிரசாரம் செய்யவில்லை. வியாவுக்கு மறைமுகமாக உதவினார் என்று கட்சிக்காரர்கள் கொதித்தார்கள். வியா 61 சதவீதத்தோடு ஜெயித்தார். 2018 ஜனவரியில், எலன் பதவியில் இருக்கும்போதே கட்சி அவரை நீக்கியது. ஜனவரி 22-ல் வியாவிடம் ஆட்சியை ஒப்படைத்தார். தேர்ந்தெடுக்கப்பட்ட ஒரு அதிபர் தேர்ந்தெடுக்கப்பட்ட இன்னொருவரிடம் அமைதியாக ஒப்படைத்தது லைபீரியாவில் 1944-க்குப் பிறகு அதுவே முதல் முறை. அடுத்த மாதம் 50 லட்சம் டாலர் மோ இப்ராகிம் பரிசு. அதற்கு ஒரு வருடம் முன்பு, மேற்கு ஆப்பிரிக்க நாடுகளின் கூட்டமைப்புக்குத் தலைவராக இருந்தவர், காம்பியாவில் தோற்றும் இறங்க மறுத்த யாயா ஜாமேயிடம் பேசப் பஞ்சுல் நகருக்குப் போன குழுவிலும் முன்னால் நின்றார். தானும் ஒழுங்காக இறங்கப்போகிறவர் என்பதால்தான் அந்தப் பேச்சுக்கு எடை இருந்தது.

பெண்களுக்கு வழி திறந்ததா என்றும் கேட்கலாம். பாலியல் வன்முறை வழக்குகளுக்கு 2008-ல் தனி நீதிமன்றம் அமைத்தார். எரிந்துபோன சந்தைகளைக் கட்ட ஒரு நிதியம் நடத்தினார். நாடாளுமன்றக் கணக்கு வேறு மாதிரி இருக்கிறது. 2005-ல் 30 செனட்டர்களில் 5 பேர் பெண்கள். அவர் இறங்கும்போது, அதே நாளில் துணை அதிபராகப் பொறுப்பேற்ற ஜுவல் ஹோவர்ட் டெய்லரைத் தவிரத் தேடித்தான் பார்க்க வேண்டும். அந்த ஜுவல், சார்லஸ் டெய்லரின் முன்னாள் மனைவி. மேற்கு ஆப்பிரிக்காவில் எலனுக்குப் பிறகு இன்னொரு பெண் தேர்தலில் வென்று அதிபர் ஆகவில்லை. கானாவில் 2025 ஜனவரியில் ஜேன் நானா ஒபோகு-அகியேமாங் துணை அதிபர் பொறுப்பு வரை வந்திருக்கிறார். அந்த வட்டாரத்தில் யாரையாவது கவனிக்க வேண்டும் என்றால் இப்போதைக்கு அவரைத்தான் சொல்வேன்.